வெட்டுக்கல் இடுக்கில் எறும்பு

"சந்தனமேரி மேடம் ஊடு இதுதானுங்களா?"

கேட்டவள் யோகப்பிரியா. நல்லேப்பிள்ளியிலிருந்து உடுமலை, மறையூர் வழியாகச் சூரியநெல்லி வரை தானே கார் ஓட்டி வந்திருந்தாள். வாசலில் நின்ற பவுல்ராஜுக்கு வயிறு எரிந்தது. அவர் எஸ்டேட்டில் சூப்பர்வைசராக இருந்து ஓய்வு பெற்றவர். மனைவி சந்தனமேரி போலீஸில் எஸ்.ஐ.யாக இருந்து ஓய்வு பெற்றபின், தேடி வருபவர்களுக்காகத் துப்பறிபவள். ஒவ்வொரு வழக்குக்கும் அவரும்தான் கூடவே அலைகிறார். ஆனாலும் படியேறி வரும் எவரும் 'பவுல்ராஜ் சார் வீடா' என்று கேட்டதில்லை. கேட்டால் வாயிலிருந்து முத்தா உதிர்ந்துவிடும்?

வந்தவள் உட்காருவதற்குள் அழுதுவிட்டாள். சந்தனமேரி டீயை அவள் பக்கம் நகர்த்தி வைத்துவிட்டுக் காத்திருந்தாள்.

யோகப்பிரியா பழைய கட்டடங்களைப் பழுது பார்க்கும் இன்ஜினியர். அரபிக்கடலில் துருத்து என்று சொல்லும் ஒரு குட்டித் தீவு, அதன்மேல் முந்நூறு வருஷத்துக் கோட்டை. அதைப் புதுப்பிக்கும் வேலை அவளுக்குக் கிடைத்திருந்தது.

"முன்னாடி ஒருக்கா பழுது பார்த்தவங்க சிமெண்டைப் பூசிட்டாங்க. உப்பும் ஈரமும் உள்ளயே அடைபட்டு வெட்டுக்கல் பொரிஞ்சு போச்சுங்க. ஒரு கொத்தளமே கடல்ல உழுந்துருச்சு. அதனால சிமெண்டு ஒரு துளி கூட ஆகாது. சுண்ணாம்பு, கடுக்காய், வெல்லம், அவ்வளவுதான். கோட்டையைப் பார்த்துக்கற கமிட்டியில, என்ர ஊட்டு நெல்லுக் களத்துல ஒரு மாதிரிச் சுவர் கட்டிக் காட்டச் சொன்னாங்க."

"கட்டினீங்களா?"

"கட்டினனுங்க. போன வாரம் கமிட்டிக்காரங்க வந்தாங்க. என்ர ஊட்டுக்காரர் சைட்டுக்குப் போயிருந்தாரு. மௌனிகா ஈரச் சாக்கைத் தூக்கிக் காட்டினா, பின்பக்க இடுக்குல சுரண்டி எடுத்துட்டுப் போனாங்க. அதுல சிமெண்டு இருக்குதாமுங்க. நான் மோசக்காரியாமா."

மௌனிகா அவளிடம் ஐந்து வருஷமாக வேலை பார்ப்பவள். களத்துக்கு மூன்றே சாவிகள். ஒன்று யோகப்பிரியாவிடம், ஒன்று மௌனிகாவிடம், ஒன்று கணவன் கோபிநாத்திடம். கோபிநாத் வீடு கட்டித்தரும் கான்ட்ராக்டர். அதே கோட்டை வேலைக்கு அவனும் விண்ணப்பித்திருந்தான், கிடைக்கவில்லை.

"வேலை எனக்குக் கிடைச்ச நாள்ல இருந்து அவரு எங்கிட்ட நேரா முகம் குடுத்துப் பேசறதில்லைங்க. அவருதான்னு தெரிஞ்சா அந்த ஊட்டுல நான் இருக்க மாட்டேன்."

"புருசன்தான், வேற யாரு" என்றார் பவுல்ராஜ் உடனே. சந்தனமேரி அவரைப் பார்த்த பார்வையில் டீ ஆறியிருக்கும்.

மறுநாள் மலையிறங்கும்போது வழி நெடுகப் பவுல்ராஜ்தான் பேசினார். எஸ்டேட்டில் தொழிலாளர் குடியிருக்க லயம் கட்டிய கதை வழக்கம்போல வந்தது. "வெல்லம் ஏத்துன லாரியில சிமெண்டையும் போட்டுக் கொண்டாந்துட்டானுக, மேரி. மழையில ரெண்டும் ஒண்ணாப் போச்சு. போட்ட தளம் இறுகவே இல்லையே. கான்ட்ராக்டர் தலையில அடிச்சுக்கிட்டு, இனிப்பும் சிமெண்டும் சேராதுன்னு பச்சப் புள்ளைக்கும் தெரியுமேடான்னு கத்துனாரு." நூறு தடவை கேட்ட கதைக்குச் சந்தனமேரி நூற்றோராவது தடவையும் தலையாட்டினாள்.

களத்தின் நடுவே இடுப்பளவு உயரத்தில் வெட்டுக்கல் சுவர் ஈரச் சாக்குப் போர்த்தி நின்றது. பக்கத்தில் கோட்டைப் படம் போட்ட பெரிய பலகை. அதன் அடியில் யோகப்பிரியாவின் பேர் மட்டும். வேப்பமர நிழலில் கடுக்காயும் வெல்லமும் ஊறும் மண்பானை. கொட்டகையில் கோபிநாத்தின் சிமெண்டு மூட்டைகள், ஒன்று வாய் பிரிந்து கிடந்தது.

"பாத்தியா?" என்றார் பவுல்ராஜ் வெற்றியோடு.

சந்தனமேரி சுவரைத்தான் பார்த்தாள். இடுக்குகளில் எறும்பு ஊர்ந்தது. வெல்லம் கலந்த சாந்து என்றால் எறும்பு வரத்தான் செய்யும். பின்பக்கம், சுரண்டிய இடுக்கிலும் வரிசை பிசகாமல் ஊர்ந்தது. அவள் நகத்தால் மற்ற இடுக்குகளைக் கீறினாள், கோடு விழவில்லை. சுரண்டிய இடுக்கில் கீறினாள். சாந்து பொலபொலவென்று உதிர்ந்தது.

யோகப்பிரியா, மௌனிகா, கோபிநாத் மூவரையும் சுவரருகே கூப்பிட்டாள். கோபிநாத் கையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

"கோபிநாத், உங்களுக்குப் பொறாமையா?"

"ஆமாங்க" என்றான் அவன். "இல்லீன்னு சொன்னா பொய். டீக்கடையில யோகப்பிரியா ஊட்டுக்காரர்னு கூப்பிடறாங்க. பத்திக்கிட்டு வருது. அதுக்காகச் சுவத்துல கை வைப்பனுங்களா?"

"வைக்கலை" என்றாள் சந்தனமேரி. "அதைச் சுவரே சொல்லுது. யாரோ இந்த ஒரு இடுக்கை மட்டும் நோண்டி எடுத்துட்டுச் சிமெண்டுச் சாந்தை அடைச்சிருக்காங்க. நிறம் ஒத்துப்போகணும்னு அந்தப் பானைத் தண்ணியில குழைச்சிருக்காங்க. அதான் எறும்பு வருது. ஆனா இனிப்புப் பட்டா சிமெண்டு இறுகாது. இத்தனை நாளாகியும் நகத்துக்கு உதிருது. சிமெண்டுலயே சம்பாதிக்கிற கோபிநாத் அந்தப் பானைப் பக்கம் போயிருக்கவே மாட்டாரு. இது சுண்ணாம்பு மட்டும் தெரிஞ்ச கை. சாந்துன்னாலே பானையில மொண்டு பழகுன கை."

பவுல்ராஜ் வாயைப் பிளந்து நின்றார்.

"கமிட்டி வந்த அன்னைக்குச் சாக்கைத் தூக்கி இந்த இடுக்கைக் காட்டினதும் அதே கைதான்" என்றவள், குரலை மாற்றாமல் சொன்னாள்: "இதுல என் கெட்டிக்காரத்தனம் ஒண்ணுமில்ல. கண்டுபிடிச்சது என் வீட்டுக்காரரு. வெல்லமும் சிமெண்டும் சேராதுன்னு வர்ற வழியெல்லாம் சொல்லிக்கிட்டே வந்தாரு. அவரு சொல்லலைன்னா எனக்கு இந்த எறும்பு வெறும் எறும்புதான்."

தன் கதையைத் தானே மறந்துபோய்க் கோபிநாத்தைக் குற்றவாளியாக்கிய பவுல்ராஜுக்கு வெட்கமாகவும் இருந்தது, நெஞ்சு நிறைந்தும் இருந்தது. எங்கே பார்ப்பதென்று தெரியாமல் வேப்பமரத்தைப் பார்த்தார்.

அப்போதுதான் மௌனிகா பேசினாள். சத்தமாகக்கூட இல்லை.

"அக்கா, இந்தம்மா அவங்க ஊட்டுக்காரரைச் சொன்ன மாதிரி என்னையப் பத்தி நீங்க ஒருக்கா சொல்லியிருக்கலாமுங்க. ஒரே ஒருக்கா."

யோகப்பிரியா திரும்பினாள்.

"கடல் அலையில கயித்தைக் கட்டிக்கிட்டுக் கொத்தளத்துல தொங்கி, பழைய சாந்தைச் சுரண்டிக் கொண்டாந்தது நானு. அதுல கிளிஞ்சல் சுண்ணாம்பும் கடுக்காயும் இருக்குதுன்னு கண்டுபிடிச்சது நானு. இந்தப் பானையைத் தினம் கிண்டறதும் நானு. பேப்பர்க்காரங்க வந்தப்ப, போட்டோ எடுக்கறாங்க, கொஞ்சம் தள்ளி நில்லுன்னு சொன்னீங்க. அன்னைக்கு ராத்திரி தூக்கமே இல்லீங்க. வயிறெல்லாம் எரிஞ்சுது." அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். "செஞ்சது தப்புத்தான். கமிட்டிக்கு இப்பவே போன் பண்ணி நானே சொல்லிடறேன். மத்த இடுக்கெல்லாம் சுத்தமான சுண்ணாம்பு. அந்தக் கோட்டைக்கு நான் துரோகம் பண்ண மாட்டேனுங்க."

கோபிநாத் மனைவியைப் பார்த்தான். "என்னையத்தானே நினைச்சே?" என்று மட்டும் கேட்டான். அவள் தலை குனிந்தாள். அவன் கொட்டகைக்குப் போய், வாய் பிரிந்த மூட்டையை இறுக்கிக் கட்டத் தொடங்கினான். ஆனால் வீட்டை விட்டுப் போவதாக மலையேறி வந்து சொன்னவள் இப்போது அவன் பின்னாலேயே இரண்டடி போனாள். போய், நின்று, மறுபடி மௌனிகாவிடமே வந்தாள்.

"கோட்டையில வைக்கற பலகையில உன்ர பேரையும் போடோணும்னுதான் நினைச்சிருந்தேன், மௌனி."

"எப்பங்க நினைச்சீங்க?"

யோகப்பிரியா பலகையில் இருந்த தன் பேரைப் பார்த்தாள். மௌனிகா கமிட்டிக்குப் பேசப் போனை எடுத்துக்கொண்டு, அந்தப் பெரிய பலகையைத் தாண்டிக் களத்துக்கு வெளியே நடந்தாள்.