மாடித் தொட்டியும் சாய அடுப்பும்

"அண்ணி! சாயக் கையத் தொட்டியில வுட்டீங்களா?"

மாடியிலிருந்து கொழுந்தன் பாலு போட்ட சத்தத்தில் லீலாவின் கையிலிருந்த காபி தளும்பியது. ஓடிப்போய்ப் பார்த்தாள். சில ஜிலேபி மீன்கள் வெள்ளை வயிறு காட்டி மிதந்தன. மற்றவை மேலே வந்து வாயைத் திறந்து திறந்து மூடின.

பாலு ஆசையாய்ச் செய்த தொட்டி. மீன் இருக்கும் தண்ணீர் குட்டி மோட்டாரில் ஏறி, ஜல்லித் தட்டுகளில் வளரும் கீரைக்குப் பாய்ந்து, தெளிந்து தொட்டிக்கே திரும்பும். பக்கத்தில், லீலா பட்டு நூலுக்குச் சாயம் காய்ச்சும் அடுப்பு. அந்த வீட்டில் அவளுக்கென்று இருந்தது அது ஒன்றுதான்.

"நான் ஏன் தம்பி..." என்றவள் நிறுத்திக்கொண்டாள்.

தொட்டியில் பிளீச்சிங் பவுடர் நெடி! நகராட்சித் தண்ணீரை டிரம்மில் பிடித்து, அந்த நெடி போக ஒரு நாள் வெயிலில் வைத்த பிறகே அவள் தொட்டியில் ஊற்றுவாள். இன்று யாரோ குழாயிலிருந்து நேராக டியூப் போட்டிருக்கிறார்கள். படிக்கட்டில் பாலுவின் மனைவி சுபலட்சுமி முந்தானையைக் கசக்கியபடி நின்றாள். முழுகாமல் இருக்கிற பெண். முகம் வெளிறிக் கிடந்தது.

லீலாவுக்குப் புரிந்துவிட்டது. கல்யாணமான புதிதில், தறியில் பாவு நூல் அறுந்த அன்று, 'நீதானே?' என்று வீடே அவளைச் சூழ்ந்துகொண்டு கேட்டது. தனக்காக ஒரு வாய் பேசாதா என்று அன்று அவள் ஏங்கிய ஏக்கம்...

"என் தப்புதான் தம்பி."

"எப்பப் பாரு இவளால பேஜாரு!" சத்தம் கேட்டு மேலே வந்த கணவன் மாணிக்கவேல் சீறினான். "இனிமே இங்க அடுப்பு எரியக் கூடாது. பிரிச்சிப் போடு!"

லீலா முதலில் உயிரோடிருந்த மீன்களை வலையில் அள்ளி, டிரம்மில் நேற்றுப் பிடித்த தண்ணீரில் விட்டாள். பிறகு அடுப்பின் செங்கல்லைப் பெயர்த்தாள். அவள் கண்ணீர் சாம்பலில் விழுந்தது.

"எடுக்காதீங்க அக்கா!" சுபலட்சுமி ஓடிவந்து அவள் கைகளைப் பிடித்துக்கொண்டாள். "நாந்தாங்க ஊத்தினேன்! தண்ணி கொறைஞ்சிருந்திச்சி... புதுத் தண்ணி வுட்டா மீனுங்களுக்கு நல்லதுன்னு... எனக்காக நீங்க திட்டு வாங்கிகினு நிக்கிறீங்களே!"

பாலு தொட்டியில் குனிந்து முகர்ந்து பார்த்தான். நிமிர்ந்தபோது அவன் கண்கள் கலங்கியிருந்தன.

"உங்க கையப் பாத்தேன்... தண்ணியப் பாக்கல. மன்னிச்சிடுங்க அண்ணி."

லீலா சுபலட்சுமியை இழுத்து அணைத்துக்கொண்டாள். "அழாதடி... வயித்துல புள்ளைய வச்சிகினு!"

மாணிக்கவேல் அடுப்பருகே உட்கார்ந்தான். பெயர்த்த செங்கல்லை எடுத்து அடுப்பில் வைத்தான்.

"கோணலா வைக்கிறீங்க. சாய அண்டா சாஞ்சிடும்," என்றாள் லீலா.

அவன் அதை நிமிர்த்தி வைத்தான். லீலா முகத்தைத் துடைத்துக்கொண்டு சுபலட்சுமியிடம் டியூபை நீட்டினாள்.

"கொழாயில தண்ணி நிக்கிறதுக்குள்ள ஜல்தியா இன்னொரு டிரம்ம ரொப்பு. மூடாத, வெயிலு படட்டும். நாளைக்கு நீயே தொட்டியில ஊத்து."