நிலவின் மறுபுறத்திலிருந்து இரண்டு தட்டு

பன்னிரண்டாவது சுற்றில் அந்த இரண்டு தட்டு வரவில்லை.

டுவைட்டோடு போன இருவரும் நிலவில் இறங்கித் துள்ளி நடந்து பெயர் வாங்கிக்கொண்டிருக்க, மேலே தாய்க்கலத்தில் தனியாகச் சுற்றிக்கொண்டிருந்தவன் அவன். ஒவ்வொரு சுற்றிலும் நாற்பத்தெட்டு நிமிடம் நிலவின் மறுபுறம் மறைந்துவிடுவான். ஹூஸ்டனில் அவன் வீட்டுச் சமையலறையில் விண்வெளி அலுவலகத்தார் அவன் குரலைக் கேட்க வைத்துவிட்டுப் போன ஒலிபெருக்கிப் பெட்டியும் அப்போது வாயை மூடிக்கொள்ளும். வெளியே வந்ததும் மைக்கில் நகத்தால் இரண்டு தட்டு தட்டுவான். ஊரே ஒட்டுக்கேட்கிற இடத்தில், 'வந்துட்டேன்' என்று மனைவி வெர்னாவுக்கு மட்டும் சொல்கிற அடையாளம் அது.

பன்னிரண்டாவது சுற்றில் குரல் வந்தது. எண்களைத் தெளிவாகச் சொன்னது. தட்டு மட்டும் வரவில்லை. அதற்கப்புறம் ஒருமுறைகூட வரவில்லை.

வெர்னா அதை அலுவலகத்து ஆள் ஹாஸ்கெலிடம் அன்றே சொன்னாள்.

"களைச்சுப் போயிருப்பாரு மேடம். வாசல்ல பத்திரிகைக்காரங்க காத்துட்டிருக்காங்க. பெருமையா இருக்கு, சந்தோஷமா இருக்குன்னு ரெண்டு வார்த்தை சொல்லிட்டு வந்துருங்க. லிப்ஸ்டிக் கொஞ்சம் கலைஞ்சிருக்கு, பாத்துக்குங்க."

அவளும் போய்ச் சிரித்துக்கொண்டே சொன்னாள். ஹாஸ்கெலை அப்போதே அறைந்திருக்க வேண்டும்; அதற்கு முன்னால் தன் வாயை அறைந்துகொண்டிருக்க வேண்டும்.

டுவைட் வீடு திரும்பி மூன்று நாளாகிறது. ஞாயிறு மதியம், வெந்த மாட்டிறைச்சியின் கொழுப்பு வாடை சமையலறையில் கனத்துக் கிடக்க, குளிர்பெட்டியின் முனகல், தெருவில் யாரோ புல்வெட்டும் எந்திரத்தின் இரைச்சல், மேசைக்கு எதிரே டுவைட் இறைச்சியை ஒரே அளவுத் துண்டுகளாக அறுக்கும் கத்தியின் உரசல், இத்தனைக்கும் அடியில், அலமாரி மேலிருந்து அது கேட்டது.

டிக். டிக்.

ஒலிபெருக்கிப் பெட்டியின் மின்கம்பி பிடுங்கப்பட்டு அதைச் சுற்றியே கட்டப்பட்டிருந்தது. நாளை ஆள் வந்து எடுத்துப் போவதாக ஏற்பாடு.

வெர்னா மேசையில் நகத்தால் இரண்டு முறை தட்டினாள். டுவைட் நிமிர்ந்து, "உப்பு வேணுமா?" என்றான்.

அவள் எழுந்து பக்கத்து வீட்டுக்கு ஓடினாள். ஜோலீனின் கணவன் போன வருடம் இதே வேலைக்குப் போய்வந்தவன். ஜோலீன் தலையில் சுருள் உருளைகளோடு கதவைப் பாதி திறந்தாள்.

"உங்க பெட்டியை எடுத்துட்டுப் போயிட்டாங்களா?"

"எடுத்துட்டுப் போக வந்தாங்க. நான்தான் குடுக்கல. கேரேஜ்ல கெடக்கு. மேல மூணு போர்வை போட்டிருக்கேன். ரொம்பக் கூப்பிட்டா டிவியைச் சத்தமா வெச்சுக்குவேன்."

"அப்ப உள்ள உக்காந்திருக்கிறது யாருடி?"

"இவரு குடிக்கிறதில்ல. பசங்கமேல கை வெக்கிறதில்ல. உனக்கு வேற என்னடி வேணும்?"

"சீ! உனக்கு வெக்கமா இல்ல? அங்க ஒருத்தன் தனியா கெடந்து கத்தறான்!"

ஜோலீன் கதவைச் சாத்திக்கொண்டாள்.

கோபம் வெர்னாவை வீட்டுக்குத் தள்ளிக்கொண்டு வந்தது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய் ஹாஸ்கெலின் முகத்துக்கு முன்னால் வைக்க வேண்டும். கேளுடா, இதைக் கேட்டுவிட்டு உன் பெருமையைச் சொல் என்று கத்த வேண்டும். புல்வெட்டும் எந்திரத்தின் இரைச்சல் நின்றிருந்தது. குளிர்பெட்டியின் முனகலும் நின்றிருந்தது. மேசையில் டுவைட் இல்லை. தட்டில் இறைச்சித் துண்டுகள். ஒன்றுகூடக் குறையவில்லை.

பெட்டியைத் தொட்டாள். சில்லென்றிருந்தது. மூச்சு கேட்டது.

"வெர்னா... நான் இன்னும் அந்தப் பக்கத்துலயேதான் இருக்கேன். தட்டிட்டே இருக்கேன். யாரும் பதில் சொல்லல." மூச்சு இழுபட்டது. "நீயுமா?"

பெட்டியின்மேல் நகத்தால் தட்டினாள். ஒன்று. இரண்டு.

அந்தப் பக்கம் அழுகை.

முதுகுக்குப் பின்னால் கதவு சாத்தப்பட்டது.

டுவைட் நின்றிருந்தான். பத்திரிகை அட்டையில் வந்த அதே சிரிப்பு.

"பெருமையா இருக்குன்னு சொல்லு, வெர்னா," என்றான்.

அவன் கையில் ஒரு போர்வை. மெதுவாகப் பிரித்தான். அந்தப் பெட்டியை மூட அவ்வளவு பெரிய போர்வை தேவையில்லை.