அம்ஹர் நானாவுக்குப் போட்ட மண்

வாசற்படியில் மூன்று சின்னக் குவியலாக மண் கிடந்தது. முஸம்மில் குனிந்து தொட்டுப் பார்த்தார். ஈரச் செம்மண். ஊரிலோ ஒரு மாதமாக மழை இல்லை.

இரத்தோட்டைப் பாதையோரம் அன்று காலையில்தான் நினைவுத்தூபியைத் திறந்தார்கள். எண்பத்தொன்பதில் ஆமி பிடித்துக்கொண்டு போய்ச் சுட்டவர்களைக் கொட்டி மூடிய குழிமேல் கொங்கிறீட் போட்டு, கறுப்புக் கல் நட்டு, வந்தவர்களுக்குப் பகல் சாப்பாடும் கொடுத்து ஒரேயடியாகக் கைகழுவியாயிற்று. தோண்டி எடுத்துத் தரச் சொல்லித்தான் மற்றக் குடும்பங்கள் மன்றாடின. "கல்லு போதும், தோண்ட வேணாம்" என்று கூட்டத்தில் எழும்பியவர் முஸம்மில் ஒருவர்தான். தன்னுடைய கடைக்கு வந்து குழியைப் பற்றி விசாரித்துப் போன ஆட்களுக்குப் பயந்து சொன்ன பேச்சு அது.

குழிக்குள் அவருடைய சொந்த அண்ணன் அம்ஹர் நானாவும் கிடந்தார். மனம் கேட்காமல், எல்லாரும் சாப்பிடப் போன பிறகு, கபுறுக் குழியில் போடுவதுபோல மூன்று பிடி மண் அள்ளிக் கல்லடியில் போட்டார். அடக்கிவிட்டுப் போகிறவர்களின் காலடி குழிக்குள் கிடக்கும் மய்யித்துக்குக் கேட்கும் என்பார்கள். நானாவுக்குக் கேட்கக் கூடாதென்று செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு மெல்ல நடந்து வந்தார்.

யட்டவத்தயில் மகள் வீட்டில் நின்ற மனைவி றிஸ்மியாவுக்குப் போன் எடுத்து, கல்லடியில் மண் போட்டதையும் வாசலில் மண் கிடப்பதையும் சொன்னார்.

"எடுத்து அடக்கச் சொல்லித்தானே நானும் அழுதேன். ஒங்கட மண்ணு அவருக்கு வேணாமாக்கும்" என்றுவிட்டு வைத்துவிட்டாள்.

அவர் மண்ணைக் கூட்டித் தள்ளிக் கதவைச் சாத்தினார். அந்தியில் மஃரிப் பாங்கு ஓய்ந்து, வீட்டுக்குள் காயப்போட்டிருந்த கிராம்பின் காரவாசம் மெல்ல அடங்க, அதற்கடியிலிருந்து ஊறிப்போன பழந்துணியின் நாற்றம் கிளம்பிச் சுவரோரமாகவே வந்து மூக்கில் ஏறியது.

தகரக் கூரையில் பொத்தென்று ஏதோ விழுந்தது. இன்னொன்று. இன்னொன்று.

ஓர் ஆள் விலகி அடுத்த ஆள் முன்னால் வர எடுக்கும் நேரம் அமைதி. பிறகு மறுபடியும் மூன்று பிடி. பாரமான கை. பிறகு மூன்று. இளங்கை.

கரண்ட் போனது. கதவை இழுத்தார். திறந்த இடமெல்லாம் மண். யன்னலிலும் மண். அது சரிந்து உள்ளே வந்தது. முழங்காலுக்கு ஏறியது. நெஞ்சுக்கு.

"நானா, நான்தான்" என்றார்.

எல்லாம் நின்றது.

பிறகு கடைசியாக ஒரு பிடி. நிதானமாக. இன்னொன்று. மூன்றாவது, முகத்தில்.

கும்மிருட்டு. வாய் நிறைய மண். மேலே, வெகு மேலே, திரும்பிப் போகிறவர்களின் காலடிச் சத்தம் அவருக்குத் தெளிவாகக் கேட்டது. ஒருவர்கூட மெல்ல நடக்கவில்லை.