நடுக்கோடு

ஏரியின் ஒரு முனையில், தூண்கள்மேல் நிற்கும் சின்ன மர அறைக்கு அண்ணி பிற்பகலில் வந்தாள். உள்ளே நீர்மட்டத்தைத் தாளில் வரையும் ஒரு பேனா. அதைக் கவனிப்பதுதான் பதிவுக்காரனின் வேலை.

"ஏரிக்குப் போயி ஒன்பது நாளாச்சு தம்பி. உங்கண்ணன் உடம்பாவது கரை ஒதுங்குமா?"

"ஒதுங்கும் அண்ணி."

ஒதுங்காது. அவனுக்குத் தெரியும். தொட்டித் தண்ணீரைக் கையால் தள்ளினால் ஒரு முனை ஏற, மறுமுனை இறங்கும், பிறகு மாறும். காற்று தள்ளிவிட்ட ஏரியும் அப்படித்தான் ஆடுகிறது, பக்கத்துக்குப் பதினாலு நிமிடமாக. நடுக்கோட்டில் மட்டும் நீர் ஏறாது, இறங்காது. ஆனால் முனைக்கு முனை போகிற நீரெல்லாம் அதைக் கடந்தாக வேண்டுமே! அதனால் அங்கேதான் பக்கவாட்டு ஓட்டம் அதிகம். அங்கே மூழ்கியது அடியிலேயே முன்னும் பின்னும் போய்க்கொண்டே இருக்கும், கரை சேராது.

அங்கேதான் அண்ணனைத் தள்ளினான், இந்தப் பதிவறையின் இரும்பு எடைக்கல்லை இடுப்பில் கட்டி. நேரில் பார்க்காமல் அவன் எழுதிவைத்த ஒரு நீர்மட்ட அளவை நம்பி இரண்டு மீனவர்கள் மூழ்கியிருந்தார்கள். அண்ணன் அதை வெளியே சொல்லவிருந்தார்.

"காத்தே இல்ல. உன் பேனா மட்டும் என்ன இந்தக் குதி குதிக்குது?"

தாளைப் பார்த்தான். ஒவ்வோர் அலையும் முந்தியதைவிட உயரம்.

"ஊஞ்சல் மாதிரிதான் அண்ணி. நேரம் பாத்துத் தள்ளினா ஏறிக்கிட்டே போகும்."

"யாரு தள்ளுறா?"

வெளியே நீர் பின்வாங்கியது. இதுவரை யாரும் பார்த்திராத சேறு தெரிந்தது. அழுகிய பாசி நாற்றம்.

தொலைவில், சேற்றில், அண்ணன் நின்றார்.

கையை ஆட்டினார்.

"உசிரோட இருக்காரு!" அண்ணி படியிறங்கி ஓடினாள்.

இன்னும் பத்து நிமிடத்தில் நீர் திரும்பும். ஒரு குரல் கொடுத்தால் போதும். ஆனால் அவர் இடுப்பில் அந்த எடைக்கல் இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது; அண்ணி அதைப் பார்த்திருப்பாள்.

அவன் குரல் கொடுக்கவில்லை. கடிகாரத்தைப் பார்த்தான்.

நீர் வந்தது. அண்ணி ஒரே ஒரு முறை "தம்பீ!" என்று அலறினாள்.

பிறகு பேனா நேர்கோடு போட்டது. ஏற்றமில்லை, இறக்கமில்லை.

"அடங்கிடுச்சு," என்று மூச்சு விட்டான்.

கீழே குனிந்து பார்த்தான். படிகளைக் காணோம். தூண்களை உரசிக்கொண்டு நீர் பக்கவாட்டில் விரைந்து ஓடியது.

நடுக்கோடு இங்கே வந்திருந்தது.

தூணில் இரும்பு இடித்தது.

அதன் பின்னாலேயே, மெத்தென்று, இன்னொன்று.

பதினாலு நிமிடம் கழித்து ஓட்டம் திரும்பியது. எதிர்ப்பக்கத் தூணில் மறுபடியும் இடித்தன, இரண்டும்.