நடுங்கிப் பாடிய விருத்தம்

முத்துத்துறை மிதவைநகரில் பொழுது புலர்ந்ததும் மாந்தர் முதலில் பார்ப்பது கதிரவனை அன்று, தத்தம் மணிக்கட்டை. அங்கே அச்சமானி என்னும் சிறு கருவி, அணிந்தவரின் அச்சத்தை நூற்றுக்கு இத்தனை என்று காட்டும். ஒட்டுண்ணித் தடுப்புத் துறையில் கீரை ஆய்வாளராகப் பணியாற்றிய சேந்தனுக்கு அன்றும் எண்பத்தெட்டு. நிம்மதியோடு முளைக்கீரையை மூன்று நீரில் அலசினார்.

அந்த நகரில் அஞ்சுதல் குடிமகனின் கடமை. முப்பதாண்டுகளுக்கு முன் பூனையின் கழிவாலும் வேகாத இறைச்சியாலும் கழுவாத கீரையாலும் ஓர் ஒட்டுண்ணி ஊரெங்கும் பரவியது. அது புகுந்த எலி பூனையைக் கண்டு அஞ்சுவதில்லை. எதிரே போய் நிற்கும். மனிதருக்கும் அப்படி ஆகுமா என்பதை எவரும் ஐயமற நிறுவவில்லை. ஆயினும் ஆட்சிமன்றம் காத்திருக்கவில்லை. அச்சம் இருபதுக்குக் கீழே இறங்கினால் மூன்று வாரம் அச்சமீட்பு இல்லத்தில் வாசம். நாற்பதுக்குக் கீழே இருக்கும்போது சொன்ன புகார் எதுவாயினும் ஒட்டுண்ணி சொன்னதாகவே கொள்ளப்படும்.

இங்கேதான் சேந்தனுக்குச் சிக்கல். ஊரார் அனைவரும் உண்ணும் பொது மடைப்பள்ளியில் இறைச்சி வேகவில்லை. கொப்பரையின் மேலிருந்த பலகை எழுபத்தைந்து பாகை என்று ஒளிர்ந்தது. வீட்டிலிருந்து கொண்டுபோன வெப்பமானியை அவர் குழம்புக்குள் விட்டபோது ஐம்பத்திரண்டு. அவர் மனைவி கோமளவல்லி ஐந்து மாதக் கர்ப்பிணி. கருவுற்ற காலத்தில் புதிதாய்த் தொற்றினால் அந்த ஒட்டுண்ணி குழந்தையையும் தொடும் என்பதைத் துறைக் கையேட்டின் முதற்பக்கமே சொல்கிறது.

"நான் தயிர்சோறு தின்னே காலத்தை ஓட்டறேன். மத்தவங்க என்ன பண்ணுவாங்க? மாடியில மட்டும் மூணு பிள்ளைத்தாச்சிங்க இருக்காங்க. போய்ச் சொல்லுங்க" என்றாள் கோமளவல்லி.

"சொல்லணும்னு துணிஞ்சாலே முள்ளு இறங்குதும்மா. இப்பப் பாரு, முப்பத்தேழு."

"நான் போகட்டுமா?"

"உனக்குச் சாதாரணமாவே இருபத்தஞ்சு. துணிஞ்சு வாசலைத் தாண்டுறதுக்குள்ள இருபதுக்குக் கீழே போயிரும், இல்லத்து வண்டி வந்துரும்."

உண்மை அதுவே. துணிந்தால் சொல்லலாம், ஆனால் எவரும் கேளார். அஞ்சினால் கேட்பார்கள், ஆனால் வாய் திறவாது. முன்னர் வாய் திறந்த இருவர், இல்லத்தில் பூனைப் படத்தைப் பார்த்து நடுங்கப் பயின்றுவிட்டுத் திரும்பியிருந்தனர்.

கோமளவல்லி சற்றே யோசித்தாள். "நாளைக்கு வெள்ளிக்கிழமை. உங்க ஆபீஸ் வழிபாட்டுல யார் பாடறது?"

அந்தச் சொல்லைக் கேட்ட மாத்திரத்தில் அச்சமானி தொண்ணூற்றாறுக்குத் தாவிற்று. வாரந்தோறும் திருவுளச்சீட்டில் வரும் பெயருக்குரியவர் அவை நடுவே துதிப்பாடல் ஒன்று பாடவேண்டும் என்பது துறையின் மரபு. பதினோராண்டுகளாகத் தம் பெயர் வந்தபோதெல்லாம் சேந்தன் வயிற்றுவலி என்று விடுப்பு எழுதியவர். அவர் குரல் நனைந்த கதவைத் திறப்பது போன்றது.

"அந்தப் புகாரையே பாட்டாப் பாடிருங்க" என்றாள் அவள்.

மறுநாள், தாமே முன்வந்து மேடையேறிய சேந்தனைக் கண்டு அவை திகைத்தது. துறை இயக்குநர் தாட்சாயணி அம்மையார் கண்மூடிக் கைகுவித்தார். சேந்தன் எந்த இராகத்திலும் சேராத நடுங்கிய குரலில் தொடங்கினார்:

"கொதித்ததாய்ப் பலகை சொல்லும் கொப்பரை அறியா தப்பா
பதித்துநான் அளவி பார்த்தேன் பாகையோ ஐம்பத் திரண்டே
உதித்திடும் கருவைக் காக்க ஒருகொதி போதும் அன்றோ
விதித்தவர் வந்து பார்த்தால் விளங்கிடும் தாட்சா யணியே."

அம்மையார் மெல்ல ஒரு கண்ணைத் திறந்தார். "என்ன சேந்தன் இது? சாமி பாட்டு மாதிரி ஆரம்பிச்சு என் பேர்ல முடிக்கிறீங்க?"

சேந்தன் அச்சமானி கட்டிய கையை நீட்டினார். தொண்ணூற்றெட்டு. அந்நகரின் வரலாற்றில் அவ்வளவு செல்லுபடியான புகார் அதுவரை எழுந்ததில்லை.

"இன்னொரு தடவை பாடட்டுமா அம்மா?" என்றார் ஈனக்குரலில்.

"வேண்டாம், வேண்டாம். இப்பவே போய்ப் பார்க்கிறேன்."

பார்த்தார்; ஐம்பத்திரண்டு. அன்றே மடைப்பள்ளி அடைக்கப்பட்டது. கர்ப்பிணிகள் அனைவருக்கும் குருதிச் சோதனை நடந்தது. கோமளவல்லிக்கும் மாடியிலிருந்த மூவருக்கும் தொற்று இல்லை என்று வந்தபோது, சேந்தன் சுவரில் சாய்ந்து நெடுநேரம் அழுதார். அச்சமானி அறுபதுக்கு இறங்கி அங்கேயே நின்றது.

அடுத்த வெள்ளிக்கிழமை வழிபாட்டுக் கூடத்துக்குள் நுழைய இயலவில்லை. வரிசை படிக்கட்டு வழியே இரண்டு தளம் இறங்கியிருந்தது. தண்ணீர்த்தொட்டிக் காவலர், பூனைக் கழிவு அகற்றுவோர், எலிப்பொறி வைப்போர் எனக் கிட்டத்தட்ட நாற்பது பேர். ஒவ்வொருவர் கையிலும் மடித்த தாள். ஒவ்வொரு தாளும் நடுங்கியது. அவற்றில் இருந்த குறைகள் இத்தனை ஆண்டுகள் எவரும் அறியாதவை அல்ல; எவரும் பாடாதவை.

வரிசையின் கடைசியில் ஒருவர் முக்காடிட்டு நின்றார். சேந்தன் அருகில் சென்றதும் முக்காடு விலகியது. தாட்சாயணி அம்மையார். கையில் தாள், மணிக்கட்டில் தொண்ணூற்றிரண்டு.

"ஆட்சிமன்றத்தார் இன்னிக்கு வர்றாங்க சேந்தன்" என்றார் தணிந்த குரலில். "அவங்ககிட்டச் சொல்லவேண்டியது எனக்கும் ஒண்ணு இருக்கு. இதுக்கு எந்த இராகம் ஒத்துவரும்?"