எழும்பாத ரொட்டிக்காரன்

பிராங்பேர்ட்டில் நான் வேலை செய்யும் பழைய படச்சுருள் காப்பகத்தின் நிலக்கீழ் அறைக்கு அந்தத் தகரப்பெட்டி ஒரு திங்கட்கிழமை காலை வந்தது. உள்ளே 1909ஆம் ஆண்டின் பிரெஞ்சு ஊமைப்படம். ஏழு நிமிடச் சிரிப்பு. மூடியைத் திறந்ததும் புளித்த வியர்வை மணத்தது.

கதை ஒன்றும் பெரிதில்லை. ஒரு ரொட்டிக்காரனும் பத்துப் பேரும் திருடனைத் துரத்தி மாடிவீட்டுக்குள் ஓடுகிறார்கள். தளம் உடைகிறது. அதற்குக் கீழ்த்தளமும் உடைகிறது. விழுந்தவர்கள் தூசியைத் தட்டிவிட்டு எழும்பி ஓடுகிறார்கள்.

ரொட்டிக்காரன் மட்டும் எழும்பவில்லை.

அவன் கழுத்து திரும்பியிருந்த விதம் நடிப்பில்லை. கமெராக்காரன் படம் பிடிப்பதை நிறுத்தவுமில்லை.

என் வேலை, கணினியில் ஒவ்வொரு ஃபிரேமாகக் கீறலையும் கறையையும் அழிப்பது. தூசியை அழிக்கலாம், ஆளை அழிக்கக் கூடாது என்பது எங்கள் தொழில் விதி. அதை எனக்குச் சொன்னவரே பொறுப்பாளர் ஆரூரன் அண்ணைதான்.

"பிணத்தைப் பார்த்துச் சனம் சிரிக்குமோ? வெள்ளிக்கிழமை படவிழாவில காட்ட வேணும். கறையெண்டு நினைச்சு அவனை அழிச்சுவிடும், குமுதினி."

"ஏலாது அண்ணை. பாவம்."

"உம்மட நிரந்தர வேலைப் பத்திரம் இன்னும் என்ர மேசையிலதான் கிடக்கு."

அவர் கையெழுத்து வைக்காவிட்டால், யாழ்ப்பாணத்தில் மூன்று வருடமாகக் காத்திருக்கும் என் கணவர் ரஜிதனுக்கு விசா கனவுதான்.

அழித்தேன். கால், கை, மாவு படிந்த மார்பு. முகத்துக்கு வந்தபோது அவன் கண்கள் திரும்பி என்னைப் பார்த்தன.

உதடு அசைந்தது.

பூட்டிய அறைக்குள், என் காலடியில் யாரோ மூச்சுக்குத் தவித்தார்கள்.

கண்ணை மூடிக்கொண்டு அழித்தேன்.

விழாவில் சனம் வயிறு குலுங்கச் சிரித்தது. திரையில் எழும்பி ஓடியவர்கள் எல்லோரும், ரொட்டிக்காரன் கிடந்து இப்போது வெறுந்தரையாகிவிட்ட அந்த ஒரே இடத்தில் காலைத் தூக்கித் தாண்டினார்கள். அதற்குத்தான் பெரிய சிரிப்பு. எனக்கு என்மீதே அருவருப்பாக இருந்தது. ஆனாலும் மறுநாள் பத்திரத்தை இரண்டு கையாலும் வாங்கினேன்.

நான்கு மாதம் கழித்து, விமான நிலையத்தில் ரஜிதன் என்னைக் கண்டதும் தள்ளுவண்டியை விட்டுவிட்டு ஓடிவந்தார். எனக்கு இரண்டடி முன்னால், காலைத் தூக்கி எதையோ தாண்டினார்.

தரையில் ஒன்றுமில்லை.

"எதைத் தாண்டினீங்கள்?"

"நானோ? ஒண்டுமில்லையே. ஏன் உமக்கு முகம் வெளிறிப்போச்சு?"

அவருக்குப் பின்னால் வந்த ஒரு சின்னப் பெண்பிள்ளையும் அதே இடத்தில் தாண்டினாள். நின்று, குனிந்து தரையைப் பார்த்தாள்.

பிறகு கைதட்டிச் சிரித்தாள்.