டெல்பர்ட்டின் பிடிலுக்கு வெர்லினின் முகம்

பிடில் சத்தம் முதலில் வந்தது. திரையில் வில் அரை நொடி கழித்துத்தான் அசைந்தது. நேற்றுவரை இப்படி இல்லை.

ஃபோர்ட் வொர்த் நகரத்து உணவகம் ஒன்றின் மூலையில், ஆள் உயரப் படப்பெட்டிக்கு முன்னால், வதங்கும் வெங்காய வாசமும் பெட்டி விளக்கின் சூட்டு வாசமும் கலந்து மூக்கில் ஏற, மத்தியான வெயில் கண்ணைக் கூசவைக்க, திரையில் பிடிலும் கௌபாய் தொப்பியுமாய் ஸ்விங் தாளத்துக்கு ஆடிச் சிரிக்கும் தன்னையே பார்த்தபடி வெர்லின் உட்கார்ந்திருந்தான். மூன்று நிமிடப் படம். காசு போட்டால் ஓடும்.

“சினிமாக்காரரே, காபி ஆறிப்போச்சு,” என்றாள் பரிமாறுகிறவள். “சொந்த மூஞ்சிய எவ்வளவு நேரந்தான் பாப்பீங்க?”

அவனுக்கு வெட்கமாக இருந்தது. இந்தப் படங்களுக்குப் பாட்டை முதலில் பதிந்துவிடுவார்கள். மறுநாள் அதை ஓடவிட்டு, வாசிப்பதுபோல் கையசைத்தால் போதும். வாசித்தவன் டெல்பர்ட். முகமெல்லாம் அம்மைத் தழும்பு. “அந்த மூஞ்சியக் காட்டினா சனம் பயந்து ஓடிரும். நான் நிக்கிறேன்,” என்று இயக்குநரிடம் சொன்னது வெர்லின்தான். பின்னால் நின்ற டெல்பர்ட்டின் காதில் அது விழுந்தது. அடுத்த மாதம் அவனை ஆற்றிலிருந்து பிணமாகத் தூக்கினார்கள். அன்றுமுதல் வெர்லினுக்குத் தன்மேலேயே காறித் துப்பலாம் போலிருந்தது.

கதவு திறந்தது. டெல்பர்ட்டின் மனைவி ஐடபெல். பெட்டியருகே வந்து, கண்ணை மூடிப் பிடில் சத்தத்தைக் கேட்டாள்.

“வெர்லின், இது அவரு கை. தூக்கத்துல கேட்டாலும் எனக்குத் தெரியும். அவரு வாசிச்சதுன்னு வேற ஒண்ணும் மிச்சமில்ல. ஆமான்னு ஒரு வார்த்த சொல்லு, போதும்.”

எல்லா மேசையிலிருந்தும் திரும்பிப் பார்த்தார்கள்.

“வாசிச்சது நாந்தான் ஐடா.”

சொன்னதும் கூனிக் குறுகினான். திரையில் வில் நின்றது. பிடில் நிற்கவில்லை. படத்து வெர்லின் இரண்டு கைகளாலும் முகத்தை மூடினான். கீழ்நோக்கித் தேய்த்தான். மெதுவாக. கை விலகியது. மூக்கு இல்லை. வாய் இல்லை. தொப்பிக்குக் கீழே இரண்டு கண்கள். அவனையே பார்த்தன.

ஐடபெல் திரையைப் பார்க்கவில்லை. அவனைப் பார்த்தாள். பின்வாங்கினாள். எங்கோ கோப்பை உடைந்தது.

சொல்லிவிட வேண்டும். இப்போதே. வாசித்தது அவன்தான், ஐடா, உன் டெல்பர்ட்தான்.

வெர்லின் கண்ணுக்குக் கீழே தடவினான். வழுவழுவென்று தோல். மறுபடி தடவினான். நகத்தால் கீறினான். உதடு அகப்படவில்லை.